சந்தனமாரி மேல் வந்து உட்கார்ந்த பூச்சிகள்

தீப்பெட்டி ஆபீஸ் தெருவில் சந்தனமாரி அவித்த இட்லி கசக்க ஆரம்பித்தது ஒரு புரட்டாசி மாதத்தில் என்று சிலர் சொன்னார்கள், இல்லை, அதற்கு வெகு காலம் முன்னாலேயே லேசாகக் கசந்துகொண்டுதான் இருந்தது, நாம்தான் சட்னியைக் கூடக் கொஞ்சம் தொட்டுக்கொண்டு தள்ளிக்கொண்டு போனோம் என்று வேறு சிலர் சொன்னார்கள், ஆனால் கசந்தது என்பதில் யாருக்கும் இரண்டு பேச்சு இல்லை. அந்த ஊரில் தீப்பெட்டிக் கம்பெனியை ஆபீஸ் என்றுதான் சொல்வார்கள். காலையில் ஆபீஸ் வேன் வந்து தெருமுனையில் நிற்கும்போது, தலை சீவியும் சீவாமலும் ஓடி வருகிற பெண்கள் ஆளுக்கு நாலு இட்லியை இலையில் கட்டி வாங்கிக்கொண்டு ஏறுவார்கள். அவர்கள் வேன் குலுங்கக் குலுங்கத் தின்றுகொண்டே போவதும், குச்சி அடுக்குகிற மேசையில் உட்காரும்போது நாக்கின் அடியில் ஒரு கசப்பு தங்கியிருப்பதும், அதை யாரும் பெரிதாக எடுத்துக்கொள்ளாததும் அந்தத் தெருவின் காலைப்பொழுதில் அடங்கிப்போனது.

சந்தனமாரிக்கு நாற்பது வயது, பார்க்கிறவர்கள் ஐம்பது என்பார்கள். பாலவேசத்துக்கு வாக்கப்பட்டு இந்தத் தெருவுக்கு வந்த கையோடு பற்றவைத்த அடுப்பு, அதற்குப் பிறகு அணைந்து அவள் பார்த்ததில்லை. பாலவேசம் பந்தல் போடுகிறவன். கல்யாணமோ சாவோ விழுந்தால் அவனுக்கு வேலை, விழாவிட்டால் பேச்சு. எந்த இடத்தில் நாலு பேர் நின்றாலும் நடுவில் நின்று எதையும் விளக்கிச் சொல்ல அவனுக்கு வரும், ஒரு குடம் தண்ணீர் எடுத்து வைக்க மட்டும் கை வராது, மற்றபடி கெட்டவன் என்று சொல்ல முடியாது. உள்ளறையில் அவனுடைய அப்பா கந்தையா பக்கவாதத்தில் கிடந்தார். அவரைப் புரட்டிப் படுக்க வைப்பதும் துடைத்துவிடுவதும் கஞ்சி புகட்டுவதும் ஒரு ஈடு இட்லி இறக்கி அடுத்த ஈடு ஏற்றுகிற இடைவெளியில் நடந்தது. ஒரே மகள் முத்துமீனா டவுனில் பெண்கள் கல்லூரியில் படித்தாள்.

களைப்பு என்பது மற்றவர்களுக்கு வந்துவிட்டுப் போகிற ஒன்று. சந்தனமாரிக்கு அது வந்தது, வந்த இடத்திலேயே தங்கிவிட்டது, ஊரிலிருந்து வந்த சொந்தக்காரர் நாலு நாளில் போய்விடுவார் என்று பார்த்தால் கொடியில் தன் துண்டையும் காயப்போட்டு அங்கேயே குடியிருக்க ஆரம்பித்த மாதிரி, அவளுடைய முழங்காலிலும் இடுப்பிலும் கண் இமையிலும் தனக்கென்று ஒரு இடம் பார்த்துக்கொண்டது. அவளும் அதை விருந்தாளி என்று நினைப்பதை விட்டுவிட்டாள்.

கசப்புக்கு ஆளாளுக்குக் காரணம் சொன்னார்கள். உளுந்து வாங்குகிற கடையை மாற்றச் சொன்னார்கள், மாற்றினாள். லாரித் தண்ணீரைக் குறை சொன்னார்கள், மறுபடி குழாய்த் தண்ணீர் பிடித்தாள். ஒரு நாள் அவளுக்குக் கைப்பிடிப்பு வந்து முத்துமீனாவே மாவு கரைத்து ஊற்றியபோது இட்லி நன்றாக இருந்தது, அடுத்த ஈட்டுக்குச் சந்தனமாரி கை வைத்ததும் கசந்தது. அன்றைக்கு அவள் யாரும் பார்க்காத நேரம் தன் மணிக்கட்டை நாக்கால் தொட்டுப் பார்த்தாள். நிலவேம்புக் கஷாயம் போல் இருந்தது. புளி போட்டுத் தேய்த்துக் கழுவினாள். அதற்குப் பிறகு கவனித்துப் பார்த்தால் தெருவெல்லாம் பிடுங்கி எடுக்கும் கொசு அவள் மேல் உட்கார்ந்ததும் எழுந்து போயிற்று, அவள் ஊற்றிய பாலை நக்கிய பூனை தலையை உதறிக்கொண்டு நடந்தது.

வீட்டுக்குப் பின்னால் ஆபீஸ் மதில் வரைக்கும் புறம்போக்கு. மழை பெய்தால் அங்கே கிலுகிலுப்பைச் செடி மஞ்சளாகப் பூத்து, காய் காய்த்து, காய்ந்து, காற்றடிக்கும்போதெல்லாம் குழந்தை கையில் எதையோ ஆட்டுகிற மாதிரிச் சத்தம் கேட்கும். நடுநடுவே பூங்கொத்து தேள் வால் போலச் சுருண்டிருக்கிற தேள்கொடுக்குச் செடியும் உண்டு. அந்தச் செடிகளுக்குள் சிறிய வெள்ளைப் பூச்சிகள் எப்போதும் இருந்தன. இறகை மடக்கி உட்கார்ந்தால் சுண்டுவிரல் நகத்தைவிடச் சற்று நீளம், வெள்ளைமேல் குங்குமத்தால் பொட்டு வைத்து ஒவ்வொரு பொட்டுக்கும் இடையில் மையால் புள்ளி குத்திய மாதிரி இருக்கும். யாரும் அவற்றை நின்று பார்த்ததில்லை. பார்க்கிற அளவுக்கு அந்தத் தெருவில் ஒருவருக்கும் நேரம் இருந்ததில்லை.

முதல் மழை பெய்து ஓய்ந்த ஒரு காலையில் சந்தனமாரி இட்லிக் கொப்பரை மூடியைத் தூக்கியபோது ஆவிக்குள்ளிருந்து வந்த மாதிரி ஒரு பூச்சி வந்து அவளுடைய மணிக்கட்டு எலும்பின்மேல் உட்கார்ந்தது, சுருட்டி வைத்திருந்த நூல் போன்ற நாக்கை நீட்டிக் குடிக்க ஆரம்பித்தது. தட்டிவிடக் கை ஓய்வில்லை. அடுத்தது வந்தது, அதற்கடுத்தது வந்தது, வேன் வந்து ஹாரன் அடிக்கும்போது அவளுடைய இரண்டு கையும் தோளிலிருந்து மணிக்கட்டு வரை வெள்ளையில் சிவப்புப் பொட்டாக நிறைந்திருந்தது. வேனில் ஏற வந்த ஒருத்தி, நல்ல துணியா இருக்கே, ரவிக்கைக்கு எங்க எடுத்தீக என்று கேட்டாள். துணி இல்லை, பூச்சி என்றாள் சந்தனமாரி. அந்தப் பெண் அப்படியா என்று சொல்லிவிட்டுச் சட்னி கொஞ்சம் கூட வைக்கச் சொல்லி வாங்கிக்கொண்டு ஓடினாள்.

அன்றைக்கு இட்லி கசக்கவில்லை. கசக்காதது மட்டுமில்லை, தின்றவர்கள் ஒரு நிமிஷம் மெல்லுவதை நிறுத்திவிட்டு ஜன்னல் வழியாக வெளியே பார்த்தார்கள், எதற்கென்று அவர்களுக்கே தெரியவில்லை.

அந்த வாரம் முடிவதற்குள் தெரு பூச்சிகளுக்குப் பழகிவிட்டது. குங்குமப் பூச்சி என்று பெயர் வைத்தார்கள். பெயரே சந்தனமாரி, மேலே குங்குமம், இதற்குமேல் என்ன வேண்டும் என்று சிலர் கன்னத்தில் போட்டுக்கொண்டார்கள். பக்கத்து ஊர்களிலிருந்து ஆட்கள் வந்தார்கள். தெருச் சங்கத் தலைவர் மாவு மில் குணசீலன் அண்ணாச்சி பாலவேசத்தைக் கூப்பிட்டு வாசலில் பந்தல் போடச் சொன்னார், கயிறு கட்டி வரிசை பிரித்தார். பூக்கடை ஒன்று வந்தது, இளநீர் வந்தது, நிற்காமல் போய்க்கொண்டிருந்த பஸ்கள் நிற்க ஆரம்பித்தன. புறம்போக்கைச் சுத்தம் பண்ண வந்த ஆட்களைத் தெருக்காரர்கள் திருப்பி அனுப்பினார்கள். கிலுகிலுப்பைக் காயைப் பிளந்து பார்த்த பிள்ளைகள், உள்ளே கறுப்பும் வெள்ளையுமாகக் கோடு போட்ட புழு பச்சை விதையைத் தின்றுகொண்டிருப்பதைக் கண்டுபிடித்து வந்து சொன்னார்கள், அதற்குப் பிறகு அந்தக் காயை ஒடிப்பது குற்றமாயிற்று. பாலவேசம் பந்தலுக்கு நடுவில் நின்று வருகிறவர்களுக்கெல்லாம் விளக்கம் சொன்னான், வாழ்க்கையில் அவன் அவ்வளவு சந்தோஷமாக இருந்ததில்லை.

எல்லாரும் அவளைக் கும்பிட்டார்கள், கும்பிட்டுவிட்டு இட்லி கேட்டார்கள். வந்த கூட்டத்துக்கு முன்பைவிட மும்மடங்கு அரைக்க வேண்டியிருந்தது.

பூச்சிகள் சந்தனமாரியோடு நிற்கவில்லை. தபால்காரர் சைக்கிளை நிறுத்தி நெற்றியைத் துடைத்தபோது அவருடைய காதுமடலில் ஒன்று உட்கார்ந்திருந்தது. மூன்றாம் வீட்டு மருமகள் கோலம் போடக் குனிந்தால் முதுகில் கூட்டமாக வந்து இறங்கியது. எந்த உடம்பு வாடியிருக்கிறதோ அதன்மேல்தான் அவை உட்காருகின்றன என்று யாரும் சொல்லிக்கொடுக்காமலே தெருவுக்குப் புரிந்துபோயிற்று. புரிந்த பிறகு, விருந்தாளி வருகிற நாளில் மாமியார்மார் மருமகள்கள் மேலிருந்த பூச்சிகளைத் துண்டால் விரட்டினார்கள். பெண் கொடுத்த வீட்டார் சீர் கொண்டுவந்த சாக்கில் மகளின் தோளையும் கழுத்தையும் பார்த்துவிட்டு, வந்த வேகத்திலேயே மகளையும் கூட்டிக்கொண்டு போனார்கள். ஆபீஸில் லேபிள் ஒட்டுகிற மேசை வெள்ளையாக மூடிக்கிடப்பதைப் பார்த்த முதலாளி ஜன்னல்களுக்கு வலை அடித்தார், அப்புறம் புழுக்கத்தில் யாரோ மயங்கி விழுந்ததும் வலையைப் பிரித்தார். குணசீலன் அண்ணாச்சியின் சம்சாரம் தங்கபுஷ்பத்தின் மேல் ஒன்றுகூட உட்காரவில்லை. வீட்டில் சமையலுக்கு ஆள், துவைக்க ஆள், கடைக்குப் போக ஆள். தெருவில் எல்லா உடம்பிலும் ஒன்றிரண்டாவது இருக்கும்போது தன் உடம்பு மட்டும் வெறுமையாக இருப்பது அவளுக்குத் தலைகுனிவாகப் பட்டது. ஒரு பொழுது முழுக்கப் பட்டினி கிடந்து மொட்டைமாடி வெயிலில் நின்றும் பார்த்தாள், பூச்சிகள் அவளைச் சுற்றிக்கொண்டு போய்விட்டன.

முத்துமீனாவின் கல்லூரியில் விலங்கியல் சொல்லிக்கொடுக்கிற ஹெலன் டீச்சர் ஒரு சனிக்கிழமை வந்தார். கூட்டம் வடிகிறவரைக்கும் பொறுமையாகக் காத்திருந்து, அடுப்பங்கரைக்குள் வந்து சந்தனமாரிக்குப் பக்கத்தில் குத்தவைத்து உட்கார்ந்து, அவள் கையிலிருந்த பூச்சியை மூச்சு படாமல் உற்றுப் பார்த்தார். இது வண்ணத்துப்பூச்சி இல்லை, அந்துப்பூச்சி இனம், மற்ற அந்துப்பூச்சிகள் ஒளிந்துகொள்கிற பகலில் இது பயமில்லாமல் பறக்கும் என்றார். பயமில்லாததற்குக் காரணம் அதன் உடம்பில் இருக்கிற கசப்பு. கொண்டலாத்திக் குருவி கொத்தினால் துப்பிவிடும். வலையில் விழுந்தால் சிலந்தியே வந்து தொட்டுப் பார்த்துவிட்டு, சுற்றிலும் உள்ள இழையை ஒவ்வொன்றாக அறுத்துக் கீழே விட்டுவிடும்.

"கசப்பு அதுக்கு எங்கேருந்து வருது டீச்சர்?" என்று சந்தனமாரி கேட்டாள். அவள் ஒரு கேள்வி கேட்டு வெகு நாளாகியிருந்தது.

"புழுவா இருக்கும்போது கிலுகிலுப்பை விதையிலேருந்து கொஞ்சம் வரும். பெரிசானதும் வாடின செடியைத் தேடிப் போய்க் குடிக்கும். குடிக்கிறது பெரும்பாலும் ஆண் பூச்சிதான் அக்கா. குடிச்சதைத் தனக்குன்னு மட்டும் வெச்சுக்காது, கூடப்போற பெண் பூச்சிக்குச் சீதனமாக் கொடுத்துடும். அது தன் முட்டைக்கெல்லாம் பங்கு போட்டு வைக்கும். அந்த முட்டையை எறும்பு தொடாது."

ஆம்பளை சீதனம் கொடுக்கிறது என்றதும் சந்தனமாரிக்குச் சிரிப்பு வந்தது. பிறகு, தன் உடம்பில் ஊறின கசப்பு எங்கேயோ இலைக்கு அடியில் கடுகு அளவு முட்டைகளுக்குக் காவலாக இருக்கிறது என்பதை நினைத்துக்கொண்டு கொஞ்ச நேரம் மாவைக் கிண்டாமல் இருந்தாள். அவளிடமிருந்து ஒருவர் எடுத்த எதுவும் இதுவரை இப்படிப் பயன்பட்டு அவள் கேட்டதில்லை.

"பச்சையா இருக்கிற செடிக்கு வராதா?" என்று வாசல்படியில் நின்ற குணசீலன் அண்ணாச்சி கேட்டார்.

அவ்வளவாக வராது என்றார் டீச்சர், அவர் பாடம் சொல்கிற நினைப்பிலேயே சொன்னார். வாட வாடத்தான் வரும். வேரோடு பிடுங்கித் தலைகீழாகக் காயப்போட்டால் இன்னும் நிறைய வரும், ஆராய்ச்சிக்குப் பூச்சி பிடிக்கிறவர்கள் அப்படித்தான் செய்வார்கள் என்றார். அண்ணாச்சி தலையை ஆட்டிக் கேட்டுக்கொண்டார். டீச்சர் போகும்போது சந்தனமாரியின் கையைப் பிடித்து, நீங்க கொஞ்சம் ஓய்வெடுக்கணும் அக்கா என்று மட்டும் சொல்லிவிட்டுப் போனார்.

பூச்சிகள் நாள் தவறாமல் குடித்ததில் சந்தனமாரிக்கு உடம்பு கொஞ்சம் லேசாகிக்கொண்டுதான் வந்தது. ஒரு காலை அவள் ஏதோ ஒரு பழைய பாட்டை வாய்க்குள் முனகினாள், அன்றைக்குக் கையில் பூச்சி முழங்கைவரைதான் இருந்தது. அடுத்த வாரம் இன்னும் குறைந்தது. வெளியூர்க்காரர்கள் இவ்வளவுதானா என்று கேட்டுவிட்டுப் போனார்கள். இளநீர்க்காரர் முகம் சுருங்கியது, பூக்கடைக்காரி அண்ணாச்சியிடம் போய் நின்றாள்.

யாரும் கெட்ட எண்ணத்தில் எதையும் செய்யவில்லை. ஒரு பக்தர் சந்தனமாரி உட்கார்ந்து இட்லி ஊற்றட்டும் என்று முக்காலி வாங்கிக்கொடுத்திருந்தார், அவள் அதில் உட்கார்ந்ததும் நாலைந்து பூச்சி எழுந்து பறந்தது என்று கவனித்த அண்ணாச்சி அதை மெதுவாக எடுத்துப் பந்தல் ஓரம் போட்டார். காற்றுக்குப் பூச்சி நிற்காது என்று மின்விசிறியைக் கழற்றினார்கள். சாயங்காலமும் அடுப்பு எரியட்டும், வெள்ளிக்கிழமை அன்னதானம் வைப்போம், புண்ணியம்தானே என்று கேட்டார்கள், மாட்டேன் என்று சொல்லும் வழக்கம் அவளுக்கு இல்லை. ஆஸ்பத்திரியில் எழுதிக்கொடுத்த சத்து டானிக்கைப் பாலவேசம் பரணில் தூக்கி வைத்தான். கேட்டதற்கு, சூடு பண்ணும் என்று சொன்னான், சொல்லும்போது அவள் முகத்தைப் பார்க்கவில்லை. பூச்சிகள் திரும்பின, தோள்வரை வந்தன, கழுத்துக்கு ஏறின. குளத்தில் தண்ணீர் மட்டம் விசாரிக்கிற மாதிரித் தெருக்காரர்கள் ஒருவரையொருவர் விசாரித்துக்கொண்டார்கள், இன்னைக்கு எப்படி இருக்காக என்று. நல்லா வாடித்தான் இருக்காக என்று பதில் வரும், கேட்டவர்கள் நிம்மதியாக நடப்பார்கள்.

வேலை தாங்காமல் முத்துமீனா கல்லூரிக்குப் போவதை நிறுத்தினாள். சந்தனமாரி போகச் சொன்னாள். அடுத்த மாசம் போறேம்மா என்று அவள் சொன்னாள், அம்மா அதை நம்பினாள், நம்பாமல் இருந்திருந்தால் அதைப் பற்றி யோசிக்க வேண்டியிருந்திருக்கும், யோசிக்க அவளிடம் தெம்பு இல்லை.

மார்கழி பிறந்தபோது ஒரு காலையில் இட்லி எந்த ருசியும் இல்லாமல் இருந்தது. கசப்பு இல்லை, உப்பு போட்டும் உப்பு இல்லை, பஞ்சை மென்று விழுங்குகிற மாதிரி இருந்தது. பூச்சிகள் வழக்கம்போல் வந்து சந்தனமாரியின் கையில் உட்கார்ந்தன, நாக்கை நீட்டின, இங்கும் அங்கும் தொட்டுப் பார்த்தன, நாக்கைச் சுருட்டிக்கொண்டு ஒவ்வொன்றாக எழுந்தன. அவள் தன் மணிக்கட்டை நக்கிப் பார்த்தாள். ஒன்றுமில்லை. எடுக்க வேண்டியதையெல்லாம் எடுத்தாயிற்று, இனிமேல் இந்த உடம்பில் கசப்பதற்குக்கூட எதுவும் இல்லை என்று தெரிந்தபோது அவளுக்கு வருத்தம்கூட வரவில்லை, வருத்தப்படவும் ஏதாவது மிச்சம் இருக்க வேண்டும் போலிருக்கிறது.

வரிசையில் நின்றவர்கள் முனகினார்கள். பூச்சிகள் ஆவிக்கு மேலே சுற்றின, திசை தெரியாமல் அலைந்தன. அப்புறம் ஒன்று இறங்கி, குனிந்து மாவு ஊற்றிக்கொண்டிருந்த முத்துமீனாவின் பிடரியில் உட்கார்ந்தது. பக்கத்தில் இன்னொன்று வந்து உட்கார்ந்தது. வரிசையின் முன்பக்கத்திலிருந்து பின்பக்கம்வரை ஒரு பெருமூச்சு போயிற்று, யாரோ கை குவித்தார்கள். பாலவேசத்தின் காதருகே குணசீலன் அண்ணாச்சி குனிந்து, கவலையை விடப்பா, வீட்டுக்குள்ளயே அடுத்தது தயாராயிட்டு என்று சொன்னது சந்தனமாரிக்குக் கேட்டது.

அவள் மகளைப் பார்த்தாள். முத்துமீனா மாவு ஊற்றிக்கொண்டே இருந்தாள். பூச்சிகள் பிடரியிலிருந்து காதுக்குப் பின்னால் நடந்து போயின, அவளுக்குத் தெரியவில்லை. கழுத்தில் கால் வைத்து ஒன்று நடப்பது தெரியாமல் போக ஒரு உடம்பு எவ்வளவு களைத்திருக்க வேண்டும் என்பது இந்தத் தெருவில் யாருக்குத் தெரியாவிட்டாலும் சந்தனமாரிக்குத் தெரியும்.

வாயால் ஊதினாள். பூச்சிகள் எழுந்து அங்கேயே திரும்ப உட்கார்ந்தன. அவள் மாவுத் தூக்கை இரண்டு கையாலும் தூக்கி இடுப்பில் வைத்துக்கொண்டு, வரிசைக்கு நடுவே வழி கேட்டு நடந்துபோய், தெருச் சாக்கடை ஓடுகிற வாறுகாலில் கவிழ்த்தாள். திரும்பி வந்து அடுத்த தூக்கை எடுத்துக்கொண்டு போனாள். மாவு வெள்ளையாக வாறுகாலில் நகர்ந்து போவதை ஆட்கள் பார்த்துக்கொண்டு நின்றார்கள். கொப்பரைத் தண்ணீரை அடுப்பில் ஊற்றினாள், சாம்பல் பொங்கி அடங்கியது. மகள் கையிலிருந்த கரண்டியை வாங்கிக் கீழே வைத்தாள்.

"போதும்ட்டி. வா, படு."

அண்ணாச்சி படியேறி வந்தார். கோபப்படவில்லை, கெஞ்சுகிற குரலில்தான் சொன்னார். "எங்கெங்கோ இருந்து வந்திருக்காக தாயி. நிக்காகல்லா."

"நிக்கட்டும் அண்ணாச்சி," என்றாள் சந்தனமாரி. "நானும் நின்னேன்லா."

முன்னறையில் பாயை விரித்து, மகளைச் சுவர்ப்பக்கம் படுக்கவிட்டு, அவள் பிடரியின்மேல் தன் உள்ளங்கையைப் பொத்தி வைத்துக்கொண்டு, சந்தனமாரி கண்ணை மூடினாள். பாலவேசம் வாசலுக்கு வந்து, இப்ப எந்திரிச்சிருவா, ஒரு பத்து நிமிஷம் என்று விளக்கினான். வெயில் ஏறியது. அவன் உள்ளே போய்த் தோளைத் தொட்டுக் கூப்பிட்டான், பிறகு உலுக்கினான். கிணற்றுக்குள் விழுந்த கல்லைக் கூப்பிடுகிற மாதிரி இருந்தது.

பெண்கள் எழுப்பினால் எழுந்திருப்பாள் என்று மூன்றாம் வீட்டு மருமகளை உள்ளே அனுப்பினார்கள். அவள் பாய் ஓரத்தில் உட்கார்ந்து, அக்கா, அக்கா என்று கூப்பிட்டாள், கூப்பிடுகிற குரல் நீண்டு மெலிந்து நின்றுபோனது, எட்டிப் பார்த்தால் வெறும் தரையில் கையைத் தலைக்கு வைத்து அவளும் தூங்கிக்கொண்டிருந்தாள். அவளை எழுப்பப் போன பூக்கடைக்காரியும் படுத்தாள். மறுநாள் காலை இட்லி வாங்க வந்த ஆபீஸ் பெண்கள் அணைந்த அடுப்பைப் பார்த்தார்கள், திறந்த கதவுக்குள் பார்த்தார்கள், வேன் ஹாரன் அடித்துக்கொண்டே இருக்க, டிபன் பையைத் தலைக்கு வைத்துப் பந்தலுக்குக் கீழே வரிசைக் கயிற்றின் இரண்டு பக்கமும் படுத்தார்கள். வேன் வெறுமையாகப் போயிற்று.

தங்கபுஷ்பம் அப்போதுதான் வந்தாள். அவளுக்குத் தூக்கம் வரவில்லை, வருகிற அளவுக்கு அவள் களைத்ததில்லை. கொஞ்ச நேரம் நின்று பார்த்தாள். அப்புறம் பந்தல் ஓரத்தில் கிடந்த முக்காலியை இழுத்து வாசல்படிக்குக் குறுக்கே போட்டு உட்கார்ந்து, முந்தானையால் ஈ ஓட்டினாள். புருஷன் வந்து நின்றபோதும் எழுந்திருக்கவில்லை.

"இவுகளை எழுப்பாதீக," என்றாள். "நம்ம வீட்டுச் சமையல்காரியும் துவைக்கிறவளும் இங்கதான் கிடக்காக. எழுப்பினா நானும் உள்ள போய்ப் படுத்துக்கிடுவேன். பெறவு நம்ம வீட்டுல யாரு என்ன செய்வான்னு யோசிச்சுக்கோங்க."

அண்ணாச்சி யோசித்துப் பார்த்தார், வீட்டுக்குத் திரும்பிப் போனார்.

இப்படியாக அந்தத் தெரு தூங்குகிற பெண்களுக்கும் பழகிக்கொண்டது. வெளியூர் ஆட்கள் குறைந்தார்கள், பஸ் நிற்காமல் போனது, இளநீர் வண்டி வேறு தெருவுக்குப் போயிற்று. வீடுகளில் ஆண்கள் அரிசி எந்த டப்பாவில் இருக்கிறது என்று பிள்ளைகளைக் கேட்டார்கள். பால் பொங்கி வழிந்த வாசனை பல வாசல்களிலிருந்து வந்தது. தூங்கியவர்களில் ஒரு சிலர் இரண்டாம் நாள் எழுந்தார்கள், ஒரு சிலர் அதற்கப்புறம், எழுந்தவர்கள் யாரோடும் பேசாமல் முகத்தைக் கழுவிக்கொண்டு கொஞ்ச நேரம் சும்மா உட்கார்ந்திருந்தார்கள், சும்மா உட்கார்ந்திருப்பதில் அப்படி ஒரு கவனமாக இருந்தார்கள். முத்துமீனா எழுந்து தலைக்குக் குளித்துவிட்டு, பரணிலிருந்த டானிக் பாட்டிலை இறக்கி அம்மாவின் தலைமாட்டில் வைத்துவிட்டு, புத்தகத்தை எடுத்துக்கொண்டு கல்லூரிக்குக் கிளம்பினாள். நிற்காத பஸ்ஸை வழியில் மறித்தோ கைகாட்டியோ ஏறிப் போனாள். சந்தனமாரி மட்டும் எழுந்திருக்கவில்லை.

பாலவேசம் தன் அப்பாவைப் பார்த்துக்கொண்டான். பார்த்துக்கொள்ள வேறு யாரும் இல்லை. முதல் தடவை புரட்டியபோது கந்தையா வலி தாங்காமல் முனகி, கோணின வாயால் குழறிக் குழறிச் சொன்னார், மெதுவாலே, அவ இப்படிப் புரட்ட மாட்டா என்று. நனைந்த படுக்கைத் துணியை வாறுகால் ஓரத்தில் வைத்து அலசும்போது அவன் அழுதான். தண்ணீர் பிடித்தான், கஞ்சி காய்ச்சினான், அடிப்பிடித்ததைச் சுரண்டினான், மறுபடி புரட்டினான், மறுபடி அலசினான். வாசலில் யாராவது வந்து கேட்டால் இரண்டு வார்த்தையில் பதில் சொல்லிவிட்டு உள்ளே போய்விடுவான், விளக்கிச் சொல்ல அவனுக்கு எதுவும் இல்லாமல் போயிற்று. பூச்சிகள் தெருவைவிட்டுப் புறம்போக்குக்கே திரும்பிப் போய், வாடிக்கிடந்த தேள்கொடுக்குச் செடிகளில் தொங்கின. எப்போதாவது ஒன்றிரண்டு வீட்டுக்குள் வந்து, ஜன்னல் கம்பியில் உட்கார்ந்து, எழுந்து போயின.

ஒரு மத்தியான வேளையில் சந்தனமாரி கண்ணைத் திறந்தாள். மேலே கூரை ஓடும், ஓட்டுக்கு நடுவிலிருந்து விழுந்த ஒரு வெளிச்சமும், அதில் சுற்றுகிற தூசியும் தெரிந்தன. முழங்காலில் ஏதோ குறைகிற மாதிரி இருந்தது, அங்கே குடியிருந்தது எழுந்து போயிருக்கிறது என்று புரியக் கொஞ்ச நேரமாயிற்று. தலையைத் திருப்பினாள். அடுப்பங்கரையில் பாலவேசம் அவளுக்கு முதுகைக் காட்டிக்கொண்டு நின்று கஞ்சி துழாவினான். சட்டை போடாத அவனுடைய தோளிலும் முதுகிலும் முழங்கைவரைக்கும் குங்குமப் பூச்சிகள் நெருக்கமாக உட்கார்ந்து, நாக்கை நீட்டி, அவசரமில்லாமல் குடித்துக்கொண்டிருந்தன. அவனுக்கு அது தெரிந்ததாகத் தெரியவில்லை.

பாய் சரசரத்த சத்தத்தில் அவன் திரும்பினான். கண்ணுக்குக் கீழே கறுத்திருந்தது. ஒரு பூச்சி கூடக் கலையவில்லை.

"எந்திரிச்சிட்டியா?" என்று கேட்டான். அந்தக் குரலை அவள் முன்பு எங்கேயோ கேட்டிருந்தாள், எங்கே என்று யோசித்தபோது அது தன் குரல்தான் என்று தெரிந்தது.

அவள் அவனை வெகு நேரம் பார்த்தாள். பாவமாகத்தான் இருந்தது.

"இன்னும் இல்ல," என்று சொல்லிவிட்டு, சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டாள்.